மாயை என்னும் கருவூலம்

காஞ்சிபுரத்தில் சித்திரகுப்தருக்குத் தனிக்கோயில் உண்டு. கையில் எழுத்தாணியும் ஏடும் கொண்டு அவர் எழுந்தருளியிருக்கும் திருக்கோலத்தைச் சித்திரைப் பௌர்ணமி நாளில் திரளான அன்பர்கள் வழிபடுகின்றனர். உயிர்கள் செய்த வினைகள் யாவும் அவ்வேட்டில் பதிவாகின்றன என்பது எல்லோரும் அறிந்த செய்தி. ஆனால் அவ்வினைகளை நுகர்தற்குரிய உடம்புகள் எங்கிருந்து வருகின்றன? இதற்குச் சைவ சித்தாந்தம் கூறும் விடை, மாயை என்பதாகும்.

மாயை என்றவுடன் பொய்த்தோற்றம் என்று பலர் கொள்வர். அது பிற சமயக் கொள்கை. சித்தாந்தத்தில் மாயை பொய்யன்று. என்றும் உள்ள பொருள். ஒடுங்குதல், தோன்றுதல் என்னும் இரண்டையும் அச்சொல் குறிப்பதாக உரையாசிரியர்கள் பொருள் கூறுவர். உலகம் அனைத்தும் எதனில் சென்று ஒடுங்கி, மீண்டும் எதனிலிருந்து தோன்றுகிறதோ அது மாயை. உடம்பு, கருவி, உலகம், நுகர்பொருள் ஆகிய தனு, கரண, புவன, போகங்கள் நான்கும் அதன்கண் நுண்ணிலையில் அடங்கியுள்ளன. இனித் தோன்றவுள்ள உருவங்களும் அங்கே இல்லாமல் இல்லை. இல்லாத ஒன்று புதிதாகத் தோன்றாது என்பதே சற்காரியவாதம். மயில் முட்டையை உடைத்தால் வண்ணமற்ற நீரே காணப்படும். தோகையின் அத்தனை நிறங்களும் அந்நீரில்தான் அடங்கியிருந்தன. வாக்கின் நுண்ணிலையாகிய பைசந்தியை விளக்கக் கூறப்படும் இவ்வுவமை, மாயைக்கும் நன்கு பொருந்துவதாகும்.

இக்கருவூலத்திலிருந்து வெளிப்படும் பிறவி வகைகளை 84 இலட்சம் என்று ஆன்றோர் கணக்கிட்டனர். தாவரம் 20 இலட்சம், தேவர் 14 இலட்சம், ஊர்வன 11 இலட்சம், நீர்வாழ்வன, பறவை, நாற்கால் விலங்கு ஆகியவை தனித்தனியே பத்துப் பத்து இலட்சம், மக்கள் 9 இலட்சம். முட்டையில் பிறப்பன அண்டசம், வியர்வையிலும் ஈரத்திலும் தோன்றுவன சுவேதசம், வித்து வேர் முதலியவற்றின்று முளைப்பன உற்பிச்சம், கருப்பையில் பிறப்பன சராயுசம் எனத் தோற்றவகை நான்கு. சமண நூல்களும் 84 இலட்சம் என்றே கூறுகின்றன, பகுப்பு வேறு. அங்கே மக்கட்பிறப்பு 14 இலட்சம்.

2011ஆம் ஆண்டில் அறிவியலாளர் சிலர் பூமியில் ஏறத்தாழ 87 இலட்சம் உயிரினங்கள் இருக்கலாம் என்று மதிப்பிட்டனர். இதனை முன்னோர் கணக்குக்குச் சான்றாகக் காட்டி மகிழ்வாரும் உண்டு. அது தேவையற்றது. நம் கணக்கில் தேவர்களும் அடக்கம். அறிவியலார் கணக்கில் மனிதர் அனைவரும் ஒரே இனம். இரண்டும் எண்ணுபவை வேறு வேறு.

எல்லா உருவங்களும் முன்னரே உள்ளன எனில் இறைவன் எதற்கு என்ற வினா எழும். சாங்கியர் அவ்வாறே கருதி, மூலப்பகுதி தானே விரிந்து உலகாகும் என்றனர். சித்தாந்தம் இதனை உடன்படவில்லை. மாயை சடப்பொருள், தனக்குள் இருப்பது இன்னதென்று அது அறியாது. மண்ணில் குடம் அடங்கியிருந்தாலும் மண் தானே குடமாவதில்லை. மண் முதற்காரணம், தண்டும் சக்கரமும் துணைக்காரணம், குயவன் நிமித்த காரணம். அவ்வாறே மாயை முதற்காரணமாக, தன் சத்தி துணைக்காரணமாக, இறைவன் நிமித்த காரணனாய் நின்று உலகைத் தோற்றுவிக்கிறான். எவ்வுயிருக்கு எவ்வுடம்பு என்பதும் அவன் விருப்பு வெறுப்பால் அமைவதன்று. சஞ்சிதமாகச் சேர்ந்துள்ள வினையில் இப்பிறவிக்கென முகந்துகொண்ட பிராரத்தத்துக்கு ஏற்பவே உடம்பு அமைகிறது.

இவ்வளவு பெரிய கருவூலத்தில் இல்லாத பொருள் ஒன்று உண்டு. அதுவே உயிர். உயிர் மாயையிலிருந்து தோன்றியதன்று; மாயையைப் போலவே அதுவும் தொடக்கமில்லாதது. இறப்பின்போது தூலவுடம்பு ஐம்பூதங்களில் ஒடுங்க, நுண்ணுடம்போடு உயிர் பிரிந்து செல்கிறது. பேரொடுக்கக் காலத்தில் நுண்ணுடம்பும் மாயையில் ஒடுங்கிவிட, உயிரோ உயிராகவே எஞ்சி நிற்கிறது. பெற்றோரையோ பிள்ளையையோ இழந்து கலங்கி நிற்பவர், போனது உடம்பா உயிரா என்று கேட்கும்போது, சித்தாந்தம் தரும் விடை இது: உடம்பு எதனிலிருந்து வந்ததோ அதனிடமே சென்றது; உயிர் அழியவில்லை.

திருக்கோயில்களில் நாள்தோறும் ஓதப்படும் சிவபுராணத்தில், புல் முதல் தேவர் ஈறாகப் பல பிறவிகளையும் மாணிக்கவாசகர் வரிசையாகக் கூறி, அவை அனைத்திலும் பிறந்து தாம் சோர்ந்துபோனதாக இறைவனிடம் முறையிடுகிறார். சோர்ந்தவை அவ்வுடம்புகள் அல்ல. அவை ஒவ்வொன்றாக முன்னரே ஒடுங்கிவிட்டன. அத்தனை உடம்புகளிலும் புகுந்து வெளிவந்த உயிரே அங்கே முறையிடுகிறது.