பழைய காரில் ரேடியேட்டர் ஹோஸ்களைச் சோதித்து மாற்றும் முறை

சென்னைக்கு மேற்கே அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி வட்டாரங்களில் வீட்டு மனைகளுக்கும் தொழிற்சாலைகளுக்கும் நடுவே கீரை, கத்தரி, வெண்டை பயிராகும் நிலங்கள் இன்னும் இருக்கின்றன. விளைந்ததைக் கூடையில் கட்டி, பழைய அம்பாசிடர் காரின் டிக்கியிலோ மாருதி ஆம்னியின் பின்புறத்திலோ ஏற்றி, விடியுமுன் கோயம்பேட்டுக்குக் கொண்டு செல்லும் சிறு விவசாயிகளும் உண்டு. அம்பாசிடர் உற்பத்தி 2014-இலும், ஆம்னி உற்பத்தி 2019-இலும் நின்றுவிட்டன. இன்று ஓடும் வண்டிகள் எல்லாம் வயதானவையே.

இத்தகைய வண்டி வழியில் நின்றுவிடுவதற்கு எஞ்சின் தேய்மானம்தான் காரணம் என்று சொல்ல முடியாது. சில நூறு ரூபாய் விலையுள்ள ஒரு ரப்பர் ஹோஸ் வெடித்துத் தண்ணீர் முழுவதும் கொட்டிவிடுவதே பல சமயங்களில் காரணமாக இருக்கும். கீரை வாடுவது ஒரு நஷ்டம். "இன்னும் இரண்டு மைல்தானே" என்று தண்ணீரில்லாமல் வண்டியை ஓட்டினால் வருவது அதைவிடப் பெரிய நஷ்டம். ஆம்னியில் இருப்பது அலுமினிய ஹெட். அதிகச் சூட்டில் அது வளைந்துவிடும். அம்பாசிடரின் வார்ப்பிரும்பு ஹெட் சற்றுத் தாங்கும். ஆனால் விரிசல் கண்டால் மாற்றுவதைத் தவிர வேறு வழி குறைவு. ஹெட்டைக் கழற்றி, பட்டறையில் மட்டம் பிடித்து, காஸ்கெட் மாற்றி மறுபடி பூட்டும் செலவு ஒரு பட்டத்துக் கீரை வருமானத்தை விழுங்கிவிடும்.

தண்ணீர் செல்லும் வழி

வாட்டர் பம்ப் தண்ணீரை எஞ்சினுக்குள் தள்ளுகிறது. சூடேறிய தண்ணீர் ஹெட்டிலிருந்து மேல் ஹோஸ் வழியாக ரேடியேட்டருக்கு வந்து, மெல்லிய குழல்களில் பாய்ந்து, காற்றுப்பட்டு ஆறி, கீழ் ஹோஸ் வழியாகத் திரும்பவும் பம்புக்குச் செல்கிறது. சில வண்டிகளில் ஹீட்டருக்குச் செல்லும் சிறு ஹோஸ்களும், பைபாஸ் ஹோஸும் கூடுதலாக இருக்கும். ஓடும்போது எஞ்சின் குலுங்குகிறது; ரேடியேட்டரோ வண்டியின் உடம்போடு பிணைந்து நிற்கிறது. நடுவே இரும்புக் குழாய் இருந்தால் முறிந்துவிடும் என்பதால்தான் ரப்பர் ஹோஸ் வைத்திருக்கிறார்கள்.

பம்புசெட் வைத்திருப்பவர்களுக்கு சக்‌ஷன், டெலிவரி வேற்றுமையை விளக்க வேண்டியதில்லை. காரிலும் அதே கணக்குத்தான். மேல் ஹோஸ் தள்ளப்படும் தண்ணீரைத் தாங்குகிறது. பழுதானால் உப்பி வெடிக்கும். கீழ் ஹோஸ் உறிஞ்சும் பக்கத்தில் இருக்கிறது; பழுதானால் கசியலாம், சூம்பிப்போய் அடைத்துக்கொள்ளவும் செய்யலாம்.

ரேடியேட்டர் மூடியும் இந்த ஏற்பாட்டில் ஓர் உறுப்பு. அதிலுள்ள ஸ்பிரிங் வால்வு உள்ளே அழுத்தத்தைப் பிடித்து வைப்பதால் தண்ணீர் 100 டிகிரியில் கொதிப்பதில்லை. சதுர அங்குலத்துக்கு 7 பவுண்டு அழுத்தம் பிடிக்கும் மூடியானால் கொதிநிலை சுமார் 110 டிகிரி சென்டிகிரேடுக்கு உயர்ந்துவிடும். பாடியில் தொழிற்சாலை வைத்திருக்கும் சுந்தரம் ஃபாஸ்டனர்ஸ் நிறுவனம் 1990-களில் அமெரிக்காவின் ஜெனரல் மோட்டார்ஸ் கம்பெனிக்கே இந்த மூடிகளைச் செய்து அனுப்பியது. அப்படியிருக்க, பாடியைத் தாண்டித் தினமும் போகும் வண்டியில் மூடி கெட்டபின் கந்தல் துணியைச் சுற்றி அடைத்துக்கொண்டு ஓட்டுவது வருந்தத்தக்கது.

உள்ளிருந்து வரும் கேடு

தென்னையில் சிவப்புக் கூன்வண்டு தாக்கும்போது, மரம் வெளிப்பார்வைக்கு நன்றாகத் தோன்ற, உள்ளே தண்டு அரிக்கப்பட்டிருக்கும். ஹோஸின் கேடும் இப்படிப்பட்டதே. வெளிப்புறம் கறுப்பாகப் பளபளவென்று இருப்பதை நம்பி இருந்துவிடக் கூடாது.

ரேடியேட்டரும் எஞ்சினும் வெவ்வேறு உலோகங்களால் ஆனவை. இடையே உப்புக் கலந்த தண்ணீர் ஓடும்போது, பாட்டரியில் நடப்பதுபோல் மிகச் சிறிய அளவில் மின்சாரம் தோன்றுகிறது. இதனால் ஹோஸின் உட்சுவரில் நீளவாக்கில் மயிரிழை போன்ற வெடிப்புகள் உண்டாகின்றன. வெடிப்பின் வழியே தண்ணீர் நுழைந்து, ரப்பருக்கு நடுவே பலம் கொடுக்கும் நூல் அடுக்கை நைத்துவிடுகிறது. நூல் போனபின் அழுத்தத்தைத் தாங்க எதுவும் இல்லை. இந்தக் கேடு பெரும்பாலும் ஹோஸின் இரு முனைகளிலிருந்தும் 2 அங்குலத்துக்குள் தோன்றும்.

வெளியிலிருந்து வரும் கேடுகளும் உண்டு. எஞ்சின் ஆயில் சொட்டும் இடத்தில் ரப்பர் ஊறி, பஞ்சு போல் இளகும். புகைக் குழாயின் சூடு படும் இடத்தில் காய்ந்து ஓடு போல் இறுகும். வைக்கோல் போருக்கு அருகே நிறுத்தும் வண்டியில் எலி கடிப்பதும் சாதாரணம்.

கையால் சோதித்தல்

சோதனைக்கு வண்டி முழுவதும் ஆறியிருக்க வேண்டும். காலையில் ஸ்டார்ட் செய்யுமுன் பார்ப்பதே நல்லது. சூடான எஞ்சினில் மூடியைத் திறந்தால் கொதிநீர் முகத்தில் பீறிட்டு அடிக்கும். இதனால் கண்ணுக்கே ஆபத்து.

கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் ஹோஸைப் பிடித்து அழுத்த வேண்டும். உள்ளங்கை முழுவதையும் வைத்துப் பிசைந்தால் வித்தியாசம் தெரியாது. முதலில் நடுப்பகுதியையும், பிறகு கிளிப்புக்கு அருகிலுள்ள முனைப் பகுதியையும் அழுத்தி ஒப்பிட்டுப் பார்க்கவும். நல்ல ஹோஸ் எங்கும் ஒரே மாதிரி திடமாக இருந்து, விட்டவுடன் பழைய வடிவுக்கு வரும். நடுவில் திடமாகவும் முனையில் கொழகொழவென்றும் இருந்தாலோ, விரலுக்கடியில் உட்புறம் வாய்க்கால் போல் பள்ளம் தட்டுப்பட்டாலோ அந்த ஹோஸ் ஓய்ந்துவிட்டது. அழுத்தும்போது நொறுநொறுவென்று சத்தம் கேட்டாலும் மாற்ற வேண்டியதுதான். மேல் ஹோஸை மட்டும் பார்த்துவிட்டுப் பேனட்டை மூடுவது பலருடைய பழக்கம். கீழ் ஹோஸுக்குக் குனிந்து, கையை நுழைக்க வேண்டும். அந்தச் சிரமத்துக்குச் சோம்பக் கூடாது.

கிளிப்பைச் சுற்றி வெள்ளையாகவோ பச்சையாகவோ உப்புப் பூத்திருந்தால் அங்கே கசிவு உண்டு என்று பொருள். சூட்டில் கசியும் நீர் உடனே ஆவியாகிவிடுவதால் தரையில் ஈரம் தெரியாது. உப்பு மட்டும் தங்கிவிடும். எங்கும் கசிவே இல்லை, தண்ணீர் மட்டம் மட்டும் குறைகிறது என்றால் வேறு சந்தேகம் கொள்ள வேண்டும். ஆயில் அளவுகோலை எடுத்துப் பார்த்து, ஆயில் மோர் போல் வெளுத்திருந்தால் ஹெட் காஸ்கெட் போயிருக்கலாம். அப்போது ஹோஸ் வாங்கிப் பயனில்லை. வண்டியை ஓட்டாமல் மெக்கானிக்கை வரவழைப்பதே சரி.

ஓடும்போது தெரியும் குறிகள்

பூந்தமல்லி நெடுஞ்சாலையில் வேகமாகச் செல்லும்போது மட்டும் சூடேறுகிறது, நிறுத்தி எஞ்சினை மெதுவாக ஓடவிட்டால் சூடு இறங்குகிறது என்றால், கீழ் ஹோஸைச் சந்தேகிக்கலாம். பம்ப் வேகமாகச் சுழலும்போது உறிஞ்சும் வலு கூடி, இளகிப்போன ஹோஸ் சப்பையாகித் தண்ணீர் ஓட்டத்தைத் தடுத்துவிடுகிறது. இதைத் தடுக்கச் சில ஹோஸ்களுக்குள் கம்பிச் சுருள் வைத்திருப்பார்கள். துருவேறி அச்சுருள் கரைந்துபோயிருந்தால் வெளியே தெரியாது. வண்டியை நியூட்ரலில் வைத்து, ஹாண்ட் பிரேக் போட்டு, ஒருவர் ஆக்சிலேட்டரை மிதிக்க, மற்றவர் கீழ் ஹோஸைக் கவனித்தால் அது சூம்புவது கண்ணுக்கே தெரியும். தோள் துண்டையும் வேட்டி முனையையும் ஃபேனுக்கு எட்டாமல் இழுத்துச் செருகிக்கொண்டே குனிய வேண்டும். ஹோஸ் சூம்பவில்லை என்றால் ரேடியேட்டர் குழல்கள் அடைத்திருக்கக் கூடும்.

இதற்கு மாறாக, அம்பத்தூர் எஸ்டேட் நெரிசலில் நிற்கும்போது சூடேறி, சாலை கிடைத்து ஓடத் தொடங்கியதும் இறங்கினால், குறை காற்றோட்டத்தில் இருக்கும். ஃபேனையும் ஃபேன் பெல்ட்டையும் பார்க்க வேண்டும்.

வண்டி ஆறியபின் மேல் ஹோஸ் மட்டும் சப்பையாகக் கிடந்தால் ஹோஸைக் குறை சொல்வது தவறு. ஆறும்போது வெளிக்காற்றையோ தண்ணீரையோ உள்ளே விடவேண்டிய மூடியின் சிறு வால்வு ஒட்டிக்கொண்டிருக்கிறது. மூடியை மாற்றினால் போதும்.

வாங்குதல்

பழைய ஹோஸைக் கையோடு எடுத்துச் சென்று, உள் விட்டம், நீளம், வளைவு மூன்றையும் ஒப்பிட்டு வாங்க வேண்டும். வளைவான ஹோஸ் இருந்த இடத்தில் நேரான ஹோஸை வாங்கி மடக்கி மாட்டினால், மடங்கிய இடத்திலேயே அடைபடும். வெட்டு முனையில் நூல் அடுக்கு தெரிய வேண்டும். கடை வாசலில் வெயிலில் பல காலம் தொங்கிய சரக்கை வளைத்துப் பார்த்தால் நுண்ணிய வெடிப்புகள் தெரியும், அது வேண்டாம். தோட்டத்துக்கு நீர் பாய்ச்சும் பச்சை நிற பிளாஸ்டிக் ஹோஸை வெட்டி மாட்டுவது சிக்கனம் ஆகாது. எஞ்சின் சூட்டில் அது இளகி, கிளிப்பிலிருந்து நழுவிவிடும்.

ஒரு ஹோஸ் ஓய்ந்தால் உடன் போட்ட மற்றதும் அதே வயதுடையதே. இரண்டையும், கிளிப்புகளோடு சேர்த்து ஒரே சமயத்தில் மாற்றுவது நல்லது. பார்வைக்கு நன்றாயிருந்தாலும் நான்கு ஆண்டுக்கு ஒரு முறை மாற்றிவிட்டால் வழியில் நிற்கும் பயம் இல்லை.

மாற்றும் முறை

ஆறிய எஞ்சினில் மூடியைத் திறந்து, ரேடியேட்டர் அடியிலுள்ள குழாயைத் திருகித் தண்ணீரை ஒரு வாளியில் பிடித்துக்கொள்ளவும். கிளிப்பைத் தளர்த்தியும் ஹோஸ் வராவிட்டால் ஸ்குரூ டிரைவரை விட்டு நெம்பக் கூடாது. ரேடியேட்டரின் பித்தளை வாய் ஈயப் பற்றில் நிற்கிறது. நெம்பினால் பற்று விட்டுவிடும். பிளாஸ்டிக் வாயானால் உடைந்தே போகும். எப்படியும் எறியப்போகும் ஹோஸ்தான். பிளேடால் நீளவாக்கில் கீறி, வாழைப்பழத் தோல் உரிப்பதுபோல் உரித்து எடுப்பதே முறை. கீறும்போது உலோகத்தில் பிளேடு ஆழப் பதியாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அடுத்து, உலோக வாயில் ஒட்டியிருக்கும் பழைய ரப்பரையும் சுண்ணாம்புப் படிவையும் உப்புத்தாள் கொண்டு நன்றாகத் தேய்த்து எடுக்க வேண்டும். அவசரத்தில் விடப்படுவது இந்த வேலைதான். புது ஹோஸ் போட்டும் கசிகிறது என்ற புகாருக்கு இதுவே காரணமாக இருப்பதுண்டு. படிவு நின்ற இடத்தில் ரப்பர் ஒட்டி உட்காராது.

கிளிப்புகளை முதலிலேயே ஹோஸில் கோத்துவிட்டு, உட்புறம் சோப்புத் தண்ணீர் தடவி மாட்டினால் எளிதில் ஏறும். கிரீஸ், ஆயில் தடவுவது கூடாது. அவை ரப்பரை ஊறச் செய்யும். உலோக வாயின் ஓரத்தில் ஒரு மேடு இருக்கும். ஹோஸ் அந்த மேட்டைத் தாண்டி ஓர் அங்குலமாவது உள்ளே ஏற வேண்டும். கிளிப் மேட்டின் மேலே உட்காராமல், மேட்டுக்கும் ஹோஸ் முனைக்கும் நடுவில் உட்கார வேண்டும். கிளிப்பின் வெட்டுகள் வழியே ரப்பர் பிதுங்கும் அளவுக்கு முறுக்கினால் ரப்பர் வெட்டுப்பட்டுவிடும்.

தண்ணீரை மெதுவாக ஊற்றினால் உள்ளே காற்று அடைபடாது. மூடியைத் திறந்துவைத்தபடியே எஞ்சினை ஓடவிட்டு, தெர்மோஸ்டாட் திறந்து மேல் ஹோஸ் சூடாகித் தண்ணீர் மட்டம் இறங்கியதும் நிரப்பி மூடவும். பழைய வண்டிகளில் சூடேறும் தொல்லைக்குத் தெர்மோஸ்டாட்டையே கழற்றி எறியும் வழக்கம் நம் பக்கத்தில் உண்டு. பைபாஸ் உள்ள எஞ்சினில் இப்படிச் செய்தால் தண்ணீரில் ஒரு பகுதி ரேடியேட்டருக்குப் போகாமலே சுற்றி வந்து சூட்டை அதிகப்படுத்தும். பழுதானதற்குப் புதியது போடுவதே சரி. ஒரு நடை ஓட்டி ஆறியபின் கிளிப்புகளை மறுபடி ஒரு முறை முறுக்கிவிட வேண்டும். புது ரப்பர் சூட்டில் சற்று அமுங்கியிருக்கும்.

வழியில் ஹோஸ் கிழிந்தால் உடனே எஞ்சினை நிறுத்தி, ஆறும்வரை காத்திருக்க வேண்டும். காய்ந்த எஞ்சினில் பச்சைத் தண்ணீரை ஊற்றினால் ஹெட் விரிசல் காணும். சைக்கிள் டியூபை நாடா போல் வெட்டி, கிழிசலின் மேல் இழுத்து இறுக்கிப் பல சுற்றுச் சுற்றிக் கட்டலாம். மூடியை முதல் நிலை வரை மட்டும் தளர்த்தி வைத்தால் அழுத்தம் ஏறாது. இப்படி மெதுவாக அடுத்த பட்டறை வரை போய்ச் சேரலாம். கோயம்பேடு போய்த் திரும்ப நினைக்கக் கூடாது.

எந்தத் தண்ணீர்?

சொட்டுநீர்ப் பாசனத்தில் துளைகளை வெள்ளையாக அடைக்கும் போர்வெல் தண்ணீர், ரேடியேட்டர் குழல்களையும் அப்படியே அடைக்கும். அதிலுள்ள உப்பு, மேலே சொன்ன மின் அரிப்பையும் தூண்டும். பாட்டரிக்கு ஊற்றும் வாலை வடித்த நீரில் கூலன்ட் கலந்து ஊற்றுவது சிறந்தது. அது கிடைக்காதபோது, முதல் மழையை விட்டு அடுத்த மழையில் மாடியிலிருந்து பிடித்து, துணியில் வடிகட்டிய நீர் நல்லது. சென்னையில் தண்ணீர் உறைவதில்லை, கூலன்ட் எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. துருவையும் அரிப்பையும் தடுக்கும் மருந்து அதில்தான் இருக்கிறது.

வடித்தெடுத்த பழைய கூலன்ட் இனிக்கும். ஆனால் கொடிய விஷம். வாளியைத் திறந்தபடி வைத்தால் நாயும் கன்றுக்குட்டியும் வந்து நக்கிவிடும். அதை வாய்க்காலிலோ கிணற்றோரத்திலோ கொட்டாமல், மூடியுள்ள டின்னில் ஊற்றி, என்ன இருக்கிறதென்று மேலே எழுதி, பிள்ளைகளுக்கு எட்டாத இடத்தில் வைத்திருந்து பட்டறையில் ஒப்படைக்க வேண்டும்.