ஏணியான பயிற்றாளர்

பயிற்றாளர் என்றதும் நம் கல்லூரிகளில் உடற்கல்வி இயக்குநரே நினைவுக்கு வருவார். அமெரிக்காவிலோ கல்லூரிக் காற்பந்துப் பயிற்சி தனித்ததொரு தொழில். அந்நாட்டார் காற்பந்து எனக் கூறுவது நாம் அறிந்த ஆட்டமன்று. முட்டைவடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் ஆடப்பெறுவது.

வழக்கமான படிகள்

கல்லூரி அணியில் ஆடியவர் பட்டம் பெற்றபின் உதவியாளராகச் சேர்வார். பின்னர் ஒரு பிரிவு வீரர்க்குப் பயிற்சி தருவார். அடுத்துத் தாக்குதல் அல்லது தடுப்பு முழுமைக்கும் பொறுப்பேற்பார். இறுதியில் தலைமைப் பயிற்றாளர் ஆவார். வென்றவரைப் பெரிய பல்கலைக்கழகம் அழைக்கும்; தோற்றவர் பணியிழப்பார். ஏணியில் ஏற ஊர்விட்டு ஊர் செல்வது இத்தொழிலின் இயல்பு.

அடைபட்ட கதவுகள்

இவ்வேணி அனைவர்க்கும் பொதுவாக இருந்ததில்லை. பெரும் பல்கலைக்கழகம் ஒன்று கறுப்பினத்தவரைத் தலைமைப் பயிற்றாளராக அமர்த்தியது 1979இல்தான். அதற்கு நெடுங்காலம் முன்பே, 1941இல், லூசியானா மாநிலத்தில் கறுப்பின மாணவர்க்கென நடந்த சிறு கல்லூரியொன்றில் பயிற்றாளரானார் எட்டி ராபின்சன். பின்னாளில் கிராம்பிளிங் மாநிலப் பல்கலைக்கழகம் எனப் பெயர் பெற்றது அக்கல்லூரியே. பங்குக்குப் பயிரிட்ட உழவரின் மகனான அவர், பட்டம் பெற்றும் கால்நடைத் தீவன ஆலையில் மணிக்கு 25 சென்ட் கூலிக்கு உழைத்தவர். பணியேற்றபோது அவருக்கு வயது 22.

ஆடுகளத்தில் கோடிடுவதும், காயத்திற்குக் கட்டுப்போடுவதும், ஆட்டச் செய்தியை நாளிதழுக்கு எழுதுவதும் அவர் பணிகளாயின. முதல் ஆண்டில் மூன்று வெற்றி, ஐந்து தோல்வி. 1942இல் ஒன்பது ஆட்டங்களிலும் வெற்றி. எதிரணியினர் ஒரு புள்ளியும் எடுக்கவில்லை! அதிகாலையில் மாட்டுமணியை ஒலித்து விடுதி மாணவரை வகுப்புக்கு எழுப்பியதும் அவரே. தாமும் கற்பதை நிறுத்தாது, 1954இல் அயோவா பல்கலைக்கழகத்தில் முதுகலைப் பட்டம் பெற்றார்.

விளைந்த பயன்

1997இல் ஓய்வுபெறும்வரை அவர் ஈட்டிய வெற்றிகள் 408. அவரிடம் பயின்றோருள் இருநூற்றுக்கும் மேற்பட்டோர் தொழில்முறை அணிகளில் ஆடினர். கறுப்பின வீரர்க்கு ஆட்டத்தை நடத்தும் தலைமையிடம் பொருந்தாது எனக் கூறப்பட்ட காலம் அது. அவர் மாணவர் டக் வில்லியம்ஸ், 1988இல் அவ்விடத்தில் நின்றே தம் அணிக்கு நாட்டின் உயரிய கோப்பையான சூப்பர் பவுலை வென்று தந்தார்.

காலம் மாறியது. பெரும் பல்கலைக்கழகங்களின் கதவுகள் திறந்தன. கறுப்பின இளைஞருள் திறமை மிக்கோர் அங்குச் சென்றனர். ராபின்சனின் இறுதி மூன்று ஆண்டுகளில் தோல்விகளே மிகுந்தன. அதனை நாம் வீழ்ச்சி எனக் கொள்ளல் தகாது. தம் இனத்தவர் எவ்வாயிலில் நுழைய வேண்டுமென உழைத்தாரோ, அவ்வாயில் திறந்ததன் விலை அது.

1998இல் அவர் பதவியை ஏற்றவர் அதே டக் வில்லியம்ஸ். தாம் ஏற ஏணியில்லாத இடத்தில் பிறர்க்கு ஏணியானவர் ராபின்சன். சிறிய கல்லூரியில் பயில்கிறோம், சிறிய கல்லூரியில் பணிபுரிகிறோம் என மனம் தளரும் மாணவரும் ஆசிரியரும் இவ்வரலாற்றை எண்ணிப் பார்த்தல் நன்று.