தீர்மான நோட்டில் ஏறணும் தங்கச்சி!

சாத்தூர் டவுனில் பிறந்து, சுத்துப்பட்டுக் கிராமத்துக்கு வாக்கப்பட்டுப் போன தங்கச்சி, முதல்ல உன் ஓட்டை மாத்திக்கோ. ஊராட்சி வாக்காளர் பட்டியல்ல பேர் இருக்கிறவங்க எல்லாருமே கிராம சபை உறுப்பினர்தான். ஓட்டு இன்னும் அம்மா வீட்டிலேயே கிடந்தா படிவம் 8 எழுதிக் கொடு.

வருஷத்துக்கு ஆறு கிராம சபை: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. பட்டாசு ஆபீஸ், தீப்பெட்டி ஆபீஸ் போற நம்ம பொம்பளைங்களுக்கு இதுல மார்ச்சும் நவம்பரும்தான் இடிக்கும். அந்த ரெண்டு நாளும் யாரு லீவு தருவா? மத்த நாலும் சட்டப்படி சம்பளத்தோட லீவு. அந்த நாலை விடாதே. லீவன்னிக்குத்தான் துணி மலையாக் கிடக்கும், தெரியும், ஊறப்போட்டுட்டு வா.

தனியாப் போகாதே, தெருவுல பத்துப் பேரைக் கூட்டிட்டுப் போ. 501-லிருந்து 3,000 பேர் வரை இருக்கிற ஊராட்சின்னா 100 பேராவது வந்தாத்தான் கூட்டம் செல்லும். ஆள் சேராம முழிக்கிற ஊராட்சி செயலர் உங்களை வேண்டாம்னு சொல்லமாட்டார்.

முதியோர் பென்சன், பட்டா மாதிரி சொந்த மனுவெல்லாம் திங்கக்கிழமை விருதுநகர் கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்துக்கு. கிராம சபையில ஊர் விஷயம், அதுவும் ஒண்ணே ஒண்ணு. "தண்ணி வரலை"ன்னு மொட்டையாச் சொன்னா, "பார்க்கிறோம்மா"ன்னு முடிஞ்சிடும். எந்தத் தெரு, எத்தனை வீடு, எத்தனை நாளா, மோட்டார் ரிப்பேரா, குழாய் உடைப்பானு எழுதிட்டுப் போய் வாசி. வாசிச்சு முடிச்சதும், "இதைத் தீர்மானமா எழுதுங்க சார்"னு கேளு. நோட்டுல ஏறாத பேச்சுக்கு நாளைக்கு ஒரு அதிகாரியும் பதில் சொல்ல வேண்டியதில்லை.

கையெழுத்து விஷயத்துல அக்கா கறார். வந்ததும் நீட்டுற வெத்துப் பக்கத்துல போடாதே. தீர்மானத்தை எழுதி, வாசிச்சுக் காட்டின பிறகு போடு. வரவு செலவுக் கணக்கையும் வாசிக்கச் சொல்லு. தெருவிளக்குச் செலவு அதுலதான் தெரியும்.

2025 ஜனவரியில ஊராட்சித் தலைவர்கள் பதவிக்காலம் முடிஞ்சு தனி அலுவலர் வந்ததும், "தலைவரே இல்லை, எதுக்குக் கூட்டம்?"னு சிலர் சொன்னாங்க. தலைவர் இல்லாட்டியும் சபை உண்டு. கேட்க ஆள் குறைஞ்ச நேரத்துலதான் நாம கூடுதலாப் போகணும்.

தீர்மான நகல் தர இழுத்தடிச்சா, 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டித் தகவல் உரிமைச் சட்டத்துல கேளு. 30 நாளைக்குள்ள பதில் தரணும்.