அவன் என்ன வேலை பார்க்கிறான்?

அன்புள்ள தம்பிக்கு,

உன் திரைக்கதையைப் படித்தேன். உன் நாயகி நீதிமன்றத்தில் சுருக்கெழுத்து எந்திரம் தட்டுகிறவள். நாயகன் பொய் சொல்லும்போதெல்லாம் அவள் விரல்கள் மேசைமேல் தாமாகவே அந்தப் பொய்யைத் தட்டிப் பதிவுசெய்கின்றன. வீடியோவுக்கென்றே எடுக்கும் காதல் படங்களில் இதைவிட நல்ல இடத்தை நான் படித்ததில்லை.

ஆனால் அவன்? 'தொழிலதிபர்' என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டாய். என்ன தொழில்? யாருக்குக் கடன்? படம் முழுக்கக் கோட்டுப் போட்டுக்கொண்டு ஒயின் ஊற்றுகிறான். எனக்கு இப்படிப்பட்ட ஆண்களைக் கண்டாலே ஆகாது.

1944-இல் வந்த 'டபுள் இண்டெம்னிட்டி'யைப் பார். அதில் நாயகன் காப்பீட்டு முகவர். பாலிசி விஷயமாகப் போன வீட்டில்தான் நாயகியைச் சந்திக்கிறான். அவன் தொழில் தெரிந்தவன் என்பதால்தான் அவளுக்கு அவன் வேண்டும். 1981-இல் லாரன்ஸ் காஸ்டன் 'பாடி ஹீட்' எழுதியபோது நாயகனை வக்கீலாக்கினார், அதிலும் கவனமில்லாத வக்கீல். முன்பு ஓர் உயிலை அவன் சொதப்பியது தெரிந்தேதான் அவள் அவனைப் பிடிக்கிறாள். அவையெல்லாம் பெரிய படங்கள் என்பாய். சரி, 1990-இன் 'நைட் ஐஸ்'? நாயகன் கூலிக்குக் காவல் பார்ப்பவன். விவாகரத்து வழக்குக்காக ஒரு மனைவியைக் கேமராவில் கண்காணிப்பது அவன் வேலை. அந்த வேலையே காதலாகிறது. நாயகனாக நடித்த ஆண்ட்ரூ ஸ்டீவன்ஸ்தான் திரைக்கதையாசிரியர்களிலும் ஒருவர். வீடியோ கடைகள் அதைத் தூக்கிப்பிடித்தன. நான்காம் பாகம்வரை போனது.

அந்தக் காலம் வேறு. கடைக்காரர் ஒரு கேசட்டுக்கு எண்பது, தொண்ணூறு டாலர் கொடுத்து வாங்கி வாடகைக்கு விடுவார். திரைக்கதை எழுதிய எங்களுக்குச் சம்பளம் அந்தப் பணத்தில்தான் வந்தது. பிளாக்பஸ்டர் வீடியோ கடைகளில், வயதுவந்தோருக்கு மட்டும் என்ற என்சி-17 சான்றிதழ் பெற்ற படங்களுக்கு இடம் இருந்ததில்லை. அதனால் பல படங்களுக்கு இரண்டு பிரதி: 'ஆர்' சான்றிதழோடு ஒன்று, சான்றிதழே இல்லாமல் நீளமாக இன்னொன்று. கத்தரி விழுவது படுக்கைக் காட்சியில்தான். ஆகவே எவ்வளவு வெட்டினாலும் மிஞ்சும் ஒரு செயலை அதில் வைப்போம். அவள் கல்யாண மோதிரத்தைக் கழற்றுகிறாளா, இல்லையா? எந்தத் தணிக்கையும் அதைத் தொடாது.

படுக்கைக் காட்சிக்கு நீ என்ன எழுதியிருக்கிறாய்? 'இருவரும் காதலில் மூழ்குகிறார்கள். இசை.' இதைப் படித்ததும் தாளைக் கீழே வைத்துவிட்டேன். இயக்குநர் பார்த்துக்கொள்வார் என்று விட்டால் அவர் மெழுகுவத்தி ஏற்றுவார், சாக்ஸபோன் வைப்பார், உன் நாயகி யாரோ ஒருத்தியாகிவிடுவாள். அவன் முதுகில் அவள் விரல்கள் எதைத் தட்டுகின்றன? இல்லை, அன்றைக்குத்தான் முதல்முறையாகச் சும்மா கிடக்கின்றனவா? முடிவு செய்ய வேண்டியவன் நீ.

உன் நாயகனை வீட்டுத் தரகனாக்கிப் பார். லாஸ் ஏஞ்சல்ஸில் ஆளில்லாத வீடுகளின் சாவி அவன் கையில் இருக்கும். எல்லாப் பொய்யையும் அடுத்தவர் வரவேற்பறையில் நின்றே சொல்லலாம். உன் தயாரிப்பாளருக்கும் சில நாட்களில் எடுத்து முடிக்கக் காலி வீடு ஒன்று போதும், செலவு குறையும். திருத்தியதும் அவருக்கு முன்னால் எனக்கு அனுப்பு.

அன்புடன்,
உன் அண்ணன்