ஏகமனதாக என்று எழுதுவதற்கு முன்

போன ஜூலையில் இறுதியாண்டு மாணவர்கள் ஐந்து பேர் ஜீரோத் ரிவ்யூவுக்காக என் அறைக்கு வந்தார்கள். முகத்தைப் பார்த்து வருகைப்பதிவு போடும் மென்பொருள் என்பது அவர்களின் ப்ராஜெக்ட் தலைப்பு. அந்த வாரத்தில் அதே தலைப்போடு வந்த நான்காவது பேட்ச் அது.

"யாருப்பா இதை முடிவு பண்ணது?"

"எல்லாரும் சேர்ந்துதான் சார். ஏகமனதா."

பழைய சுற்றறிக்கை ஒன்றை ஐந்தாகக் கிழித்து ஆளுக்கொரு துண்டு கொடுத்தேன். தனியாகச் செய்யச் சொன்னால் எந்தத் தலைப்பை எடுப்பாய், பெயர் போடாமல் எழுது என்றேன். ஐந்து துண்டிலும் முகம் இல்லை. ஒன்றில் காலேஜ் பஸ் எங்கே வருகிறது என்று காட்டும் ஆப். இன்னொன்றில் ஹாஸ்டல் மெஸ்ஸில் மீந்து போகும் சோற்றைக் கணக்கெடுப்பது. மூன்றாவதில் விசைத்தறியில் பாவு நூல் அறுந்தால் தறியை நிறுத்தும் சென்சார். எழுதியவள் பள்ளிபாளையத்துப் பெண், வீட்டில் நாலு தறி ஓடுகிறது. மற்ற இரண்டிலும் 'எதுவானாலும் சரி'.

அப்படியானால் முகம் எங்கிருந்து வந்தது? ஒருவன் தயங்கித் தயங்கிச் சொன்னான். "ஏஐ இருந்தாத்தான் வேலை கிடைக்கும்னு அப்பா சொன்னாரு சார். நான் ஒரு பேச்சுக்குத்தான் குரூப்ல போட்டேன்." மற்ற நால்வரும் அவனைத் திரும்பிப் பார்த்தார்கள். "உனக்கு அதுதான் பிடிச்சிருக்குன்னுல்ல நாங்க நெனச்சோம்!"

ஒருவருக்கும் பிடிக்காத ஒன்றை எல்லாரும் சேர்ந்து தேர்ந்தெடுத்திருந்தார்கள். எதைத் தேர்ந்தெடுப்பது என்று சொல்லித்தர ஊரெல்லாம் ஆள் இருக்கிறார்கள். நாலு பேராக உட்கார்ந்தால் எந்த முறையில் தேர்ந்தெடுப்பது என்று சொல்லித்தரத்தான் யாருமில்லை. அந்த ஐவரை நினைத்துத்தான் இதை எழுதுகிறேன். ப்ராஜெக்ட் பேட்ச், மாணவர் மன்றம், என்எஸ்எஸ் முகாம், நாளைக்கு நீங்கள் உட்காரப்போகும் குடியிருப்புச் சங்கம் எல்லாவற்றுக்கும் இது பொருந்தும்.

தெரிந்த வழிகள்

தலைவர் முடிவெடுப்பது உங்களுக்குத் தெரிந்ததே. மேடை சரியும்போது கூட்டம் போட்டுப் பேச முடியாது. அவசரத்துக்கு ஒருவர் சொல்ல, மற்றவர்கள் கேட்பதே சரி. அந்த ஒருவர் யார் என்பதை மட்டும் முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது ஓட்டு. இரண்டே வாய்ப்பு இருந்தால் ஓட்டைப்போல எளிய வழி கிடையாது. மூன்று வந்தால் கவனம் வேண்டும். நாற்பது பேர் வகுப்பில் சுற்றுலாவுக்கு மூணாறு என்று 16 பேர், ஊட்டி என்று 13 பேர், கொடைக்கானல் என்று 11 பேர் சொன்னால் மூணாறு ஜெயித்துவிடும். ஆனால் 24 பேர் மூணாறு கேட்கவில்லை. இதற்கு மருந்து, முதல் இரண்டு இடங்களுக்கு மட்டும் மறு ஓட்டு வைப்பது, அல்லது ஒன்று இரண்டு மூன்று என்று விருப்ப வரிசை எழுதச் சொல்வது. நம் குடியரசுத் தலைவர் தேர்தல் விருப்ப வரிசையில்தான் நடக்கிறது. வரிசை முறையிலும் சிக்கல் வரலாம். மூணாறைவிட ஊட்டி, ஊட்டியைவிடக் கொடைக்கானல், கொடைக்கானலைவிட மூணாறு என்று பெரும்பான்மையே வட்டமடிக்கும் என்பதைப் பிரான்சு நாட்டுக் கணித அறிஞர் கோந்தோர்சே 1785இலேயே காட்டிவிட்டார். அப்படி வட்டமடித்தால் யாரையும் திட்டாதீர்கள். யாரும் குழப்பவாதி இல்லை, கணக்கு அப்படி.

குலுக்கலை இளப்பமாக நினைக்க வேண்டாம். காஞ்சிபுரம் மாவட்டம் உத்திரமேரூரில் முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் 919, 921ஆம் ஆண்டுகளில் பொறிக்கப்பட்டவை. ஊர்ச் சபையின் வாரியங்களுக்கு, அதாவது குழுக்களுக்கு, ஆளைக் குலுக்கித் தேர்ந்தெடுத்த விதிகள் அவற்றில் உள்ளன. குடவோலை என்று பள்ளிப் புத்தகத்தில் ஒரு வரியாகப் படித்திருப்பீர்கள். எனக்குப் பிடித்தது அதிலுள்ள நுணுக்கம். குடத்திலிருந்து ஓலை எடுப்பவன் விவரமறியாத ஒரு சிறுவன். அதை வாங்கும் மத்தியஸ்தன் ஐந்து விரலையும் அகல விரித்து உள்ளங்கையில் வாங்க வேண்டும். விரலிடுக்கில் வேறு ஓலை ஒளிந்திருக்கக் கூடாது. அதோடு, குடத்துக்குள் பெயர் போவதற்கு முன்பே தகுதி பார்த்துவிடுவார்கள். வயது 35க்கு மேல் 70க்குள், சொந்த மனையில் வீடு, வரி கட்டும் நிலம், படிப்பு எல்லாம் வேண்டும். வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவன் பெயரும் அவன் உறவினர் பெயரும் குடத்தருகே வர முடியாது. நிலமும் வேதக் கல்வியும் உள்ளவர்களுக்கே திறந்திருந்த சபை அது என்பதையும் மறக்கக் கூடாது. தகுதியானவர் பலர், இடம் ஒன்று என்ற நிலையில் குலுக்கல் நல்ல வழி. ஹாஸ்டலில் ஜன்னலோரக் கட்டில் யாருக்கு என்பதற்கு இதைவிட நியாயமான வழியை நான் பார்த்ததில்லை.

எல்லாரும் புகழும் வழி

இனி ஏகமனது. கேட்பதற்கே இனிமையான சொல். மினிட் புத்தகத்தில் 'ஏகமனதாகத் தீர்மானிக்கப்பட்டது' என்று எழுதினால் எழுதுகிறவருக்கே ஒரு பெருமிதம். இதன்மேல் எனக்குக் கோபம் உண்டு, காரணமும் உண்டு.

பத்து வருடத்துக்கு முன், நான் குடியிருந்த அடுக்ககத்தில் இரண்டாவது ஆழ்துளைக் கிணறு போடலாமா என்று கூட்டம் நடந்தது. நான் போய்ச் சேர்ந்தபோது மினிட் புத்தகத்தில் தீர்மானம் முழுசாக எழுதப்பட்டிருந்தது. தொகைக்கு மட்டும் இடம் விட்டிருந்தார்கள். தரைத்தளத்துப் பெரியவர் ஒருவர், "பக்கத்து மனையில 600 அடி போட்டும் புகைதான் வந்துச்சு" என்று ஆரம்பித்தார். "நல்ல காரியத்துக்கு ஏன் சார் தடங்கல், எல்லாரும் ஒத்துமையா இருக்கோம்ல" என்றார் செயலாளர். பெரியவர் வாயை மூடிக்கொண்டார். எனக்கு அவர் சொன்னது சரி என்று பட்டது. ஆனால் போண்டா ஆறிக்கொண்டிருந்தது, நானும் கையெழுத்துப் போட்டேன். ஆளுக்குப் பன்னிரண்டாயிரம் ரூபாய். 640 அடியிலும் தண்ணீர் இல்லை, புகைதான் வந்தது. பிறகு படிக்கட்டில் வைத்து ஏழு பேர் என்னிடம் ரகசியமாகச் சொன்னார்கள், தங்களுக்கும் அன்றைக்கே சந்தேகம் இருந்ததாம்.

இது எங்கள் அடுக்ககத்தின் தனி வியாதி என்று நினைத்திருந்தேன். அப்படியில்லை. அமெரிக்க மேலாண்மைப் பேராசிரியர் ஜெர்ரி ஹார்வி 1974இல் தன் குடும்பக் கதை ஒன்றை எழுதினார். டெக்சாஸ் மாநிலத்தில் கோல்மன் என்ற சிற்றூர். கொளுத்தும் வெயில். மாமனார், "அபிலீனுக்குப் போய்ச் சாப்பிட்டு வரலாமா" என்கிறார். 53 மைல். ஏசி இல்லாத கார். எல்லாரும் சரி சரி என்று கிளம்பிப் போய், ருசியில்லாத சாப்பாட்டைச் சாப்பிட்டு, புழுதியோடு திரும்பி வந்து உட்கார்ந்த பிறகுதான் தெரிகிறது, ஒருவருக்கும் போக விருப்பமில்லை. மாமனாருக்கும்தான், மற்றவர்களுக்குச் சலிப்பாக இருக்குமே என்று கேட்டு வைத்தாராம். என் ஐந்து மாணவர்கள் போனதும் அதே காரில்தான்.

வாய் ஏன் மூடிக்கொள்கிறது? உளவியலாளர் சாலமன் ஆஷ் 1950களில் செய்த சோதனை பிரபலமானது. எந்தக் கோடு எந்தக் கோட்டின் நீளத்துக்குச் சமம் என்பதுதான் கேள்வி, குழந்தைகூடச் சொல்லிவிடும். உடன் இருந்தவர்கள் எல்லாம் செட்டப் செய்யப்பட்டு ஒரே தவறான பதிலைச் சொல்ல, சோதிக்கப்பட்டவர்களில் முக்கால்வாசிப் பேர் ஒருமுறையாவது கண்ணால் பார்த்ததை விட்டுவிட்டுக் கூட்டத்தோடு போனார்கள். கூட்டத்தில் ஒரே ஒருவர் சரியான பதிலைச் சொல்லிவிட்டால் போதும், அந்தப் பணிவு பெரும்பாலும் மறைந்துவிட்டது. பதிலை வாயால் சொல்லாமல் தாளில் எழுதச் சொன்னபோதும் குறைந்தது. நீங்கள் வாட்ஸ்அப்பில் போடுகிற போலில் யார் எதற்குப் போட்டார்கள் என்று பெயரோடு தெரிகிறது. முதல் மூன்று பேர் விழுந்த பக்கம்தான் மற்ற முப்பது பேரும் விழுவார்கள்.

ஏகமனதுக்கு இன்னொரு பக்கமும் உண்டு. எல்லாரும் உண்மையிலேயே ஒத்துக்கொண்டே ஆக வேண்டும் என்று சட்டமாகவே வைத்துவிட்டால், ஒருவர் மொத்தக் கூட்டத்தையும் கட்டிப்போடலாம். போலந்து நாடாளுமன்றத்தில் ஒரே உறுப்பினர் எழுந்து ஒப்பவில்லை என்றால் கூட்டத்தொடரே கலையும் என்ற வழக்கம் இருந்தது. 1652இல் அது முதன்முதலாக அப்படிப் பயன்பட்டது. பிறகு அண்டை நாடுகள் ஓர் உறுப்பினரை விலைக்கு வாங்கினாலே போதும் என்றாகிவிட்டது. 1791இல் புது அரசியலமைப்பு எழுதி அதை ஒழித்தார்கள்; அதற்குள் காலம் கடந்துவிட்டது. 1795இல் போலந்து என்ற நாடே வரைபடத்தில் இல்லை.

ஊர்ப் பக்கம் வாருங்கள். 'போட்டியின்றித் தேர்வு' என்றால் ஊர் ஒற்றுமையாக இருக்கிறது என்று மெச்சுகிறோம். குஜராத்தில் போட்டியில்லாமல் பஞ்சாயத்தைத் தேர்ந்தெடுக்கும் ஊருக்குப் பரிசுப் பணமே உண்டு. சம்ரஸ் என்று பெயர். நம் ஊரில் 2019 உள்ளாட்சித் தேர்தலின்போது சில கிராமங்களில் தலைவர் பதவி ஏலத்துக்குப் போனதாகச் செய்திகள் வந்தன. ஏலத்தில் எடுத்தவர் போட்டியின்றி வந்துவிடலாம். எதிர்த்து மனுப் போட நினைத்தவர் எந்தத் தெருக்காரர், அவரை யார் என்ன சொல்லி உட்கார வைத்தார்கள் என்பதெல்லாம் எந்த மினிட் புத்தகத்திலும் ஏறாது.

யூதர்களின் பழைய சட்டநூலான தால்முதில் ஒரு விதி உண்டு. மரண தண்டனை வழக்கில் நீதிபதிகள் அத்தனை பேரும் ஒரே குரலில் குற்றவாளி என்றால் அவரை விடுவித்துவிட வேண்டும். ஒருவர்கூட அவருக்காக யோசிக்கவில்லை என்றால் விசாரணையில் ஏதோ கோளாறு என்று அர்த்தம். நம் சங்கங்களின் பைலாவில் இதை யாராவது சேர்த்தால் நான் மாலை போடுவேன்.

நான் சொல்லும் வழி

ஏகமனதுக்கும் ஓட்டுக்கும் நடுவே ஒரு வழி இருக்கிறது. இணக்கம் என்று வைத்துக்கொள்வோம். எல்லாருக்கும் பிடித்திருக்கிறதா என்று கேட்காமல், "இதை ஏற்றுக்கொள்ளவே முடியாதவர் யார், ஏன்?" என்று கேட்பது.

இணையத்தின் தொழில்நுட்ப விதிகளை வகுக்கும் ஐஇடிஎஃப் என்ற அமைப்பு இப்படித்தான் இயங்குகிறது. அங்கே ஓட்டு கிடையாது. சில நேரம் அறையிலிருப்பவர்களை 'ம்ம்ம்' என்று முனகச் சொல்லி, எந்தப் பக்கம் சத்தம் பலமென்று பார்ப்பார்கள். அதுவும் முடிவாகாது, பேச்சை எங்கே தொடர்வது என்று அறிய ஒரு வழி, அவ்வளவுதான். 2014இல் அவர்கள் வெளியிட்ட விளக்கத்தின் சாரம் இது: நூறு பேர் ஆதரித்து ஐந்து பேர் எதிர்த்தாலும், அந்த ஐவர் சொன்ன குறைக்குப் பதில் இல்லையென்றால் இணக்கம் வரவில்லை என்றே பொருள். பதில் சொன்ன பிறகும் ஐவருக்குத் திருப்தி இல்லாமல் போகலாம். அதற்காக வேலை நிற்காது. குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவினரும் ஓட்டெடுப்பதில்லை. கூட்டத்தின் போக்கை எழுத்தர் அங்கேயே எழுதி வாசித்துக் காட்டுவார். ஒப்பாதவர், "எனக்கு உடன்பாடில்லை, குறுக்கே நிற்கவும் மாட்டேன்" என்று ஒதுங்கி நிற்கலாம்.

நீங்கள் செய்ய வேண்டியது நாலே காரியம். பேச்சுத் தொடங்கும் முன் ஆளுக்கொரு துண்டுத்தாளில் எழுதி வாங்குங்கள். தலைவரோ சீனியரோ கடைசியில் பேசட்டும். எதிர்ப்பை, சொன்னவர் வார்த்தையிலேயே குறித்து வையுங்கள். பேசித் தீரவில்லை என்றால் வெட்கப்படாமல் ஓட்டுக்குப் போங்கள். ஜிஎஸ்டி கவுன்சில் மூன்று வருடத்துக்குமேல் எல்லாவற்றையும் பேசியே முடித்துவிட்டு, 2019 டிசம்பரில் லாட்டரி வரிக்காக முதன்முதலாக ஓட்டெடுத்தது. கவுன்சில் ஒன்றும் உடைந்துவிடவில்லை.

இந்த வழி எதற்கெடுத்தாலும் பொருந்தாது. மாற்றிக்கொள்ளக்கூடிய சின்ன விஷயத்துக்கு ஓட்டே போதும். டீசர்ட் நிறத்துக்கு மூன்று நாள் இணக்கம் தேடாதீர்கள். ஒரு வருடம் எல்லாரும் சேர்ந்து சுமக்க வேண்டியதற்கு, போட்ட பணம் திரும்ப வராததற்கு இணக்கம் வேண்டும்.

எத்தனை முறைகளைச் சொல்லிக் கொடுத்தாலும், உட்கார்ந்து கேட்கத் தெரிய வேண்டும். அதுவும் ஒரு திறமை, சிலருக்கு இயல்பாகவே வரும். வகுப்பில் அதிகம் பேசாத பெண் ஒருத்தி மூவர் சண்டையைக் கேட்டுவிட்டு, "நீங்க மூணு பேரும் சொல்றது ஒண்ணுதான்" என்பாள். அவளைத் தலைவியாக்குங்கள், மைக் பிடிப்பவனை அல்ல. அந்தக் காது இல்லாதவர்கள் பழகிக்கொள்ளலாம். எனக்கு வர இருபது வருடம் ஆனது. அவசரப்படாதீர்கள். அப்பா சொன்னார் என்றால் அப்பாவின் கவலை என்ன என்று கேளுங்கள். நண்பன் தலையாட்டினால் ஒரு நிமிடம் பொறுத்து இன்னொரு முறை கேளுங்கள்.

அந்த ஐவர் கடைசியில் தறிக்குப் போனார்கள். நாலு பேர் சரி என்றார்கள். முகம் சொன்ன பையன் மட்டும், "பஞ்சுத் தூசியில் சென்சார் ரெண்டே நாளில் அடைத்துக்கொள்ளும்" என்று எழுதிக் கொடுத்துவிட்டு ஒதுங்கி நின்றான். அந்தத் துண்டை ரிப்போர்ட் ஃபைலின் முதல் பக்கத்தில் குத்தி வைக்கச் சொன்னேன். அக்டோபரில் பள்ளிபாளையத்தில் தறியில் மாட்டிப் பார்த்தார்கள். ரெண்டு நாள் தாங்கவில்லை, ஒரு நாளிலேயே அடைத்துக்கொண்டது. மறுவாரம் பார்த்தால், தூசியை ஊதித் தள்ள ஒரு சின்ன விசிறி கட்டியிருந்தது. யார் கட்டினது என்று கேட்டேன். அவன்தான்.