கிளை எல்லை தாண்டினால் மரத்தையே வெட்ட வேண்டுமா?

கேள்வி: எங்கள் வீடு தானா ராத்தாவில், சரிவான நிலத்தில் இருக்கிறது. என் மாமனார் நட்ட சில்வர் ஓக் மரம் வாசலுக்கு நிழல் தருகிறது. அதன் கிளைகள் இப்போது பக்கத்து வீட்டுக் கூரைக்கு மேல் போய்விட்டன. இலை விழுந்து கூரைத் தண்ணீர் போகும் வழி அடைபடுகிறதாம். "நீங்கள் வெட்டாவிட்டால் நானே வெட்டுவேன், செலவையும் நீங்கள்தான் தர வேண்டும்" என்கிறார் அந்த வீட்டுக்காரர். மரத்தை வெட்டியே ஆக வேண்டுமா? மழை இல்லாத நாள்களில் பின்னால் ஓடும் ஓடையில் குழாய் போட்டு மரங்களுக்குத் தண்ணீர் விடுகிறோம். அது தவறா?
– வாசகி, தானா ராத்தா

பதில்: மரத்தை வெட்ட வேண்டியதில்லை. அவசரப்பட்டு வெட்டினால் நீங்கள்தான் சட்டத்தை மீறியவர் ஆகலாம்.

1976ஆம் ஆண்டின் நகர், ஊரகத் திட்டமிடல் சட்டத்தின் (சட்டம் 172) 35எச் பிரிவைப் பாருங்கள். அடிமரத்தின் சுற்றளவு 0.8 மீட்டருக்கு மேல் இருந்தால், திட்டமிடல் அதிகாரம் கொண்ட ஊராட்சி அமைப்பின் எழுத்துபூர்வ அனுமதி இல்லாமல் அதை வெட்டிச் சாய்க்கக் கூடாது. உங்கள் ஊரில் அது கேமரன் மலை மாவட்ட மன்றம். மரம் உங்கள் சொந்த நிலத்தில் நிற்கிறது என்பதால் மட்டும் விலக்குக் கிடைக்காது. தரையிலிருந்து அரை மீட்டர் உயரத்தில் தையல் நாடாவைச் சுற்றி அளந்து பாருங்கள். மீறினால் அபராதம் உண்டு, சிறைத் தண்டனைக்கும் இடமுண்டு. கிளை கழிப்பது, பட்டுப்போன மரத்தை அகற்றுவது, உடனடி ஆபத்தைத் தடுப்பது ஆகியவற்றுக்கு இந்தத் தடை பொருந்தாது. ஆகவே கிளையைக் கழிக்க உங்களுக்குத் தாராளமாக உரிமை உண்டு.

பக்கத்து வீட்டுக்காரருக்கும் உரிமை உண்டு, அது எல்லைக் கோட்டோடு நிற்கிறது. 1956ஆம் ஆண்டின் சிவில் சட்டம், 3ஆம் பிரிவின் வழியாக, அந்த ஆண்டு ஏப்ரல் 7 அன்று இங்கிலாந்தில் நடப்பில் இருந்த பொதுச் சட்டத்தைத் தீபகற்ப மலேசியாவில் பொருந்தச் செய்தது. அந்த மரபில் 'லெம்மன் எதிர் வெப்' என்ற வழக்கு முக்கியமானது. தன் நிலத்துக்கு மேல் நீண்டுவந்த கிளையை ஒருவர் தன் பக்கம் நின்றபடியே எல்லை வரை வெட்டலாம், முன்னறிவிப்புகூடத் தேவையில்லை என்று அதில் 1894இல் தீர்ப்பானது. ஆனால் உங்கள் நிலத்துக்குள் நுழையவோ, எல்லைக்கு இப்பால் உள்ள கிளையைத் தொடவோ, வேருக்கு மருந்து ஊற்றவோ அவருக்கு அதிகாரம் இல்லை. வெட்டிய கிளையும் உங்களுடையதே.

செலவு விஷயத்தில் அவர் கேட்பதால் மட்டும் நீங்கள் கடன்பட்டவர் ஆகிவிடமாட்டீர்கள். ஆனால் கிளை விழுந்து கூரை உடைந்தாலோ, நீர் தேங்கி உட்கூரை பாழானாலோ அவர் இழப்பீடு கோரலாம். ஆபத்து உங்களுக்குத் தெரிந்திருந்ததா, தெரிந்தும் சும்மா இருந்தீர்களா என்பதைத்தான் அப்போது நீதிமன்றம் பார்க்கும். அவர் இப்போது உங்களிடம் சொல்லிவிட்டார். இனி "தெரியாது" என்று சொல்ல முடியாது. 5,000 ரிங்கிட் வரையான கோரிக்கையை அவர் வழக்கறிஞர் இல்லாமலே மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தின் சிறு கோரிக்கைப் பிரிவுக்குக் கொண்டு போகலாம். எனவே மரத்தை முறையாகப் பராமரிப்பதே உங்களுக்குச் சட்டப் பாதுகாப்பும் ஆகும்.

அந்தப் பராமரிப்பை இப்படிச் செய்யுங்கள். அக்டோபர், நவம்பர் பெருமழைக்கு முன்னரே கூரைப் பக்கக் கிளைகளை விவரம் தெரிந்தவரைக் கொண்டு கழியுங்கள். உச்சியை மொட்டையடிக்காதீர்கள், அதன்பின் துளிர்க்கும் கிளைகளுக்குப் பிடிமானம் குறைவு, காற்றில் எளிதில் முறியும். கழிப்பதற்கு முன்னும் பின்னும் படம் எடுங்கள், கூலி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். கிளை மின்கம்பியை ஒட்டியிருந்தால் நீங்களே தொடாமல் தெனாகா நேஷனல் மின் நிறுவனத்துக்கு 15454 எண்ணில் சொல்லுங்கள்.

இனி தண்ணீர். ஓடை உங்கள் வேலிக்குப் பின்னால் ஓடினாலும் அது மாநிலத்தின் சொத்து. அனுமதியில்லாமல் ஆற்று நீரையோ ஓடை நீரையோ திருப்பக் கூடாது என்பது 1920ஆம் ஆண்டின் நீர்ச் சட்டத்திலிருந்தே உங்கள் பகாங் மாநிலத்தில் உள்ள நிலை. குழாயை எடுத்துவிடுங்கள். தேவையென்றால் தானா ராத்தாவில் உள்ள மாவட்ட, நில அலுவலகத்தில் அனுமதி பற்றிக் கேளுங்கள். உண்மையில், வேரூன்றிய பெரிய மரத்துக்கு உங்கள் ஊர் மழையே போதும். புதிதாக நட்ட கன்றுக்குத்தான், மழை குறையும் சனவரி, பிப்ரவரியில், ஊறும்படி நீர் விட வேண்டும். அதற்குக் கூரையிலிருந்து பிடித்த மழைநீர் போதும். தொட்டியை மட்டும் மூடி வையுங்கள். கொசுப் புழு இருந்தால் 1975ஆம் ஆண்டின் நோய் பரப்பும் பூச்சிகள் ஒழிப்புச் சட்டப்படி 500 ரிங்கிட் வரை சமரசத் தொகை (காம்பவுண்ட்) கட்ட நேரலாம். சரிவில் ஓயாமல் நீர் பாய்ச்சி கீழ்வீட்டுத் தடுப்புச் சுவர் இளகினால், அதற்கும் நீங்கள்தான் பொறுப்பு.

இதைப் படிக்கும் தேயிலைத் தோட்ட லயங்களில் குடியிருப்போருக்கும் ஒரு வார்த்தை. தேசிய நிலச் சட்டத்தில் 'நிலம்' என்பது அதில் வளரும் மரம் செடிகளையும் சேர்த்துத்தான். கன்றை நீங்களே நட்டு வளர்த்திருந்தாலும் தோட்ட நிர்வாகத்தின் ஒப்புதல் இல்லாமல் வெட்டாதீர்கள். ஆபத்தான மரமாக இருந்தால் நிர்வாகத்துக்கு எழுத்தில் தெரிவித்து, நகலில் பெற்றதற்கான கையொப்பம் வாங்குங்கள்.

சகோதரி, முதல் வேலையாகப் பக்கத்து வீட்டுக்காரருக்கு ஒரு கடிதம் கொடுங்கள். எந்தத் தேதிக்குள் கிளை கழிக்கப்படும், ஆண்டுக்கு எத்தனை முறை கழிப்பீர்கள் என்று எழுதுங்கள். சொன்ன தேதியில் செய்தும் காட்டுங்கள். பெரும்பாலான அண்டை வீட்டுத் தகராறுகள் அதோடு தீர்ந்துவிடும். தீராமல் வழக்கானால், அந்தக் கடிதமே உங்கள் முதல் சாட்சி.