மாட்டின் இதய உறையும் தீவனத்தில் கிடக்கும் கம்பியும்

தீவனப் பயிருக்கு உரமிடுவதிலும் நீர் பாய்ச்சுவதிலும் நம் உழவர்கள் காட்டும் அக்கறை, அறுத்த தீவனத்தின் துப்புரவில் பல வேளைகளில் இருப்பதில்லை. விரல் நீளமுள்ள ஒரு கம்பித் துண்டு நல்ல கறவை மாட்டின் உயிரைப் போக்கிவிடக்கூடும். வயிற்றுக்குள் போன கம்பி இதயத்தை எவ்வாறு எட்டுகிறது? இதை விளங்கிக்கொள்ள, இதயத்தைச் சூழ்ந்துள்ள உறையைப் பற்றி முதலில் தெரிந்துகொள்வோம்.

உறையின் அமைப்பு

மாட்டின் இதயம் இரு நுரையீரல்களுக்கும் நடுவே, சற்று இடப்புறமாக அமைந்துள்ளது. அதைப் பை போல மூடியிருப்பது இதய உறை. இதன் வெளிப்பகுதி நார்த் திசுவால் ஆனது, கெட்டியானது, எளிதில் விரியாது. அடிப்புறத்தில் இது மார்பெலும்புடன் நாண்களால் பிணைக்கப்பட்டுள்ளது. உட்பகுதி மெல்லிய, வழவழப்பான சவ்வு. இச்சவ்வு இரு மடிப்பாக உள்ளது. ஒரு மடிப்பு நார்ப்பையின் உட்புறத்திலும், மற்றொன்று இதயத்தின் மேலும் ஒட்டியிருக்கும். இரண்டுக்கும் இடையேயுள்ள குறுகிய இடைவெளியில் சிறிதளவு தெளிந்த நீர் இருக்கும்.

உறையின் பணிகள்

வளர்ந்த மாட்டின் இதயம் நிமிடத்துக்குச் சுமார் 60 முதல் 80 தடவை துடிக்கிறது. வண்டி அச்சுக்கு மசகு போல, உறையிலுள்ள நீர் உராய்வின்றித் துடிக்க உதவுகிறது. இதயம் இடம் பெயராமல் காப்பதும், அளவுக்கு மீறி விரிந்துவிடாமல் தடுப்பதும், அண்டை உறுப்புகளின் நோய்க்கிருமிகள் எளிதில் அணுகாமல் மறிப்பதும் இவ்வுறையின் பணிகளே. உறை விரைவில் விரிந்து கொடுக்காது என்பதை நினைவில் கொள்ளுங்கள். நன்மை தரும் இக்குணமே நோய்க்காலத்தில் தீமையாகிறது.

கம்பி செல்லும் வழி

ஆடு உதட்டால் பொறுக்கித் தின்னும். மாடோ நாக்கால் தீவனத்தைச் சுருட்டி இழுத்து, அரைகுறையாக மென்று விழுங்கிவிடும், பிறகுதான் அசைபோடும். ஆகவே ஆணி, கம்பி, ஊசி ஆகியவை தீவனத்துடன் உள்ளே போய்விடுகின்றன. கனமான இப்பொருட்கள் தேன்கூடு போன்ற அறைகளையுடைய இரண்டாம் வயிற்றில் தங்கும்.

இந்த வயிற்றுக்கும் இதய உறைக்கும் நடுவில் உதரவிதானம் என்னும் தசைத் தட்டி மட்டுமே உள்ளது. இடைவெளியோ மிகக் குறைவு. வயிறு சுருங்கி விரியும்போது கூரிய கம்பி அதன் சுவரைக் குத்தி, உதரவிதானத்தைத் துளைத்து, இதய உறைக்குள் புகலாம். நிறைசினைக் காலத்திலும் கன்று ஈனும்போதும் வயிற்றில் அழுத்தம் மிகுவதால் இந்த ஆபத்து கூடுகிறது.

கம்பியுடன் நுழையும் கிருமிகளால் உறைக்குள் சீழும் நீரும் சேர்கின்றன. உறை விரியாததால் அந்த நீர் இதயத்தை அழுத்துகிறது. இதயத்துக்குள் போதிய இரத்தம் நிரம்ப முடிவதில்லை. திரும்பி வரும் இரத்தம் சிரைகளில் தேங்குகிறது.

அறிகுறிகள்

கம்பி வயிற்றைக் குத்திய தொடக்கத்தில் பால் திடீரெனக் குறையும். தீனி எடுக்காது, அசைபோடாது. முதுகை வளைத்து, முன்னங்கால் முழங்கைகளை விலக்கி நிற்கும். படுக்கும்போதும் சரிவில் இறங்கும்போதும் முனகும்.

இதய உறை பாதிக்கப்பட்டபின் கழுத்துச் சிரை கயிறு போலப் புடைத்துத் தெரியும். தாடையின் அடியிலும் அலைதாடியிலும் நீர் கோத்து வீங்கும். மூச்சு வாங்கும்.

செய்ய வேண்டியது

தொடக்க அறிகுறிகளை வயிற்று மந்தம் என்று கருதிக் கை மருந்து கொடுத்து நாட்களைக் கடத்தாதீர்கள். உடனே கால்நடை மருத்துவரை அழையுங்கள். கம்பி வயிற்றளவில் இருக்கும்போது காந்தம் செலுத்தியும், மருந்து கொடுத்தும், தேவையானால் வயிற்றைத் திறந்து கம்பியை எடுத்தும் மாட்டைக் காப்பாற்ற வாய்ப்புண்டு. உறையில் சீழ் பிடித்த பிறகு பிழைப்பது அரிது.

வருமுன் காக்கும் முறைகள்

1. வேலி கட்டியபின் வெட்டிய கம்பித் துண்டுகளையும் ஆணிகளையும் பொறுக்கி, மூடியுள்ள டப்பாவில் போடுங்கள்.

2. வீட்டுக் குப்பையில் உள்ள இரும்புத் துண்டுகளை எருக்குழியில் சேர்க்காதீர்கள். எருவோடு வயலுக்குப் போகும் கம்பி, அறுத்த தீவனத்தோடு தொட்டிக்குத் திரும்பி வரும்.

3. பழைய டயர்களைத் தீவன நிலத்தருகே எரிக்காதீர்கள். ரப்பர் எரிந்தாலும் உள்ளிருக்கும் மெல்லிய எஃகுக் கம்பிகள் மண்ணில் கிடக்கும்.

4. கட்டட வேலை நடந்த இடத்தில் மாட்டை மேய விடாதீர்கள்.

5. தட்டையை வெட்டும் கருவியில் போடுமுன் உதறிப் பாருங்கள். கருவியில் சிக்கும் கம்பி பல கூரிய துண்டுகளாகிவிடும். நறுக்கிய தீவனத்தின்மேல் ஒரு காந்தத்தை நகர்த்திப் பார்ப்பதும் நல்லது.

6. மருத்துவரின் ஆலோசனைப்படி, கறவை மாட்டின் வயிற்றில் காந்தம் ஒன்றைச் செலுத்திவைக்கலாம். விழுங்கிய இரும்பை அது பிடித்து நிறுத்தும். ஆனால் செம்பு, அலுமினியக் கம்பிகளைக் காந்தம் பிடிக்காது. ஆகவே தீவனத்தைச் சுத்தமாக வைப்பதற்கு அது மாற்றாகாது.

தீவனம் போடுமுன் தினமும் சில நிமிடம் கையால் துழாவிப் பாருங்கள். செலவில்லாத இந்தப் பழக்கம் கறவை மாட்டையும் குடும்ப வருவாயையும் காக்கும்.